டோக்கன் நம்பர் ரெண்டாயிரத்து ஏழு பாடிய லாவணி

இன்று காலை தங்கவயல் சாம்பியன் ரீப்ஸ் ஸ்டேஷனில் காத்தவராயனைச் சந்தித்தேன். பார்த்தேன் என்று மட்டும் சொன்னால் போதாது. ஒரே பெஞ்சில் பக்கத்தில் உட்கார்ந்து, அவர் பையிலிருந்த வேர்க்கடலையைத் தின்றுகொண்டு, ஒன்றரை மணி நேரம் பேசினேன். பங்காருப்பேட்டை வண்டி அவ்வளவு தாமதமாக வந்தது நான் செய்த புண்ணியம். கேட்டது மறப்பதற்குள் அடித்துவிட வேண்டும் என்று நேராக டைப்ரைட்டிங் இன்ஸ்டிட்யூட்டுக்கு ஓடி வந்தேன். அவசரத்தில் எழுத்து தப்பியிருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

காத்தவராயனுக்கு வயது இருபத்து நாலு. கேஜ் என்கிற இரும்புக் கூண்டில் தங்கச் சுரங்கத்துக்குள் இறங்கி, வெடி வைத்த பிறகு விழும் கல்லை அள்ளி வண்டியில் போடுகிற வேலை. ஆள் ஒல்லி. பேசும்போது விரல் சும்மா இருக்காது. பெஞ்சைத் தட்டிக்கொண்டே இருக்கும். போன வருடம் பங்குனி வரைக்கும் அவர் பெயர் அவர் குடியிருக்கும் லைன் வீட்டு வரிசையைத் தாண்டி யாருக்கும் தெரியாது. அதற்குக் காரணம் அவர் பாட்டுக் கட்டாதது இல்லை. அவர் பாட்டெல்லாம் வேறொருவர் வாயிலிருந்து வந்துகொண்டிருந்தது.

வெளியூர்க்காரர்கள் இதைப் படிக்க நேர்ந்தால் என்பதற்காகச் சொல்கிறேன். பங்குனியில் இங்கே காமன் பண்டிகை. சிவன் நெற்றிக்கண்ணைத் திறந்து மன்மதனை எரித்த கதை. கடைசி நாளில் ஒரு வைக்கோல் பொம்மையைக் கொளுத்துவோம். வட ஆற்காட்டிலிருந்து வேலைக்கு வந்தவர்கள் மூட்டை முடிச்சோடு இந்தப் பண்டிகையையும் கட்டிக்கொண்டு வந்தார்கள். அதோடு ஒரு சண்டையையும் கட்டிக்கொண்டு வந்தார்கள். மன்மதன் நிஜமாகவே எரிந்தானா, இல்லையா என்பதுதான் சண்டை. எரிந்தான் என்பவர்கள் எரிந்த கட்சி. எரியவில்லை என்பவர்கள் எரியாத கட்சி. இரண்டு கட்சியும் மேடையில் எதிரெதிரே உட்கார்ந்து, டேப் என்கிற தோல் வாத்தியத்தை அடித்து, கேள்வியையும் பதிலையும் பாட்டாகவே பாடுவதுதான் லாவணி.

சாம்பியன் ரீப்ஸ் எரிந்த கட்சி. பக்கத்துச் சுரங்கக் குடியிருப்பான பாலகாட் எரியாத கட்சி. இதை யார் பிரித்துக் கொடுத்தார்கள் என்று கேட்டால் இரண்டு பக்கமும் பதில் கிடையாது, ஆனால் கோபம் வரும். கண்ணெதிரே பொம்மை எரிந்து சாம்பலாகும். அந்தச் சாம்பலை மிதித்து நின்றுகொண்டே, அவன் எரியவே இல்லை என்று பாலகாட்காரர்கள் சத்தியம் செய்வார்கள். பெண் கொடுக்கும் இடத்தில்கூட இது வரும். "பையன் பர்மனென்ட், குடி கிடையாது, எல்லாம் சரிதான். ஆனா எரியாத கட்சியாச்சே" என்று ஒரு சம்பந்தம் நின்றுபோனது எனக்கே தெரியும்.

சாம்பியன் ரீப்ஸில் எரிந்த கட்சிக்குத் தலைவர் ராஜப்பா. மன்மத விலாச லாவணி சபாவின் வாத்தியார். நோட்டீஸில் அவர் பெயருக்கு முன்னால் லாவணிச் சிங்கம், கலைக்கடல், தங்கவயலின் தங்கக்குரல் என்று மூன்று பட்டங்கள் வரும். மூன்றையும் யார் கொடுத்தது என்று நான் விசாரித்தேன். நோட்டீஸ் அடித்த பிரஸ்காரரைத்தான் காட்டினார்கள். அவரோ, ராஜப்பா எழுதிக் கொடுத்ததை அடித்தேன் என்கிறார்.

சிங்கத்துக்குக் குரல் உண்டு, பாட்டுக் கட்ட வராது. எதிர்க்கட்சி கேள்வி பாடி முடித்ததும் தட்டில் கற்பூரம் ஏற்றுவார்கள். அது அணைவதற்குள் பதில் பாட வேண்டும், இல்லையென்றால் தோல்வி. அந்த நேரத்தில் ராஜப்பாவின் முதுகுக்குப் பின்னால் பின்பாட்டுக்காரராக உட்கார்ந்திருக்கும் காத்தவராயன் அவர் காதில் பதிலைச் சொல்வார். ராஜப்பா கண்ணை மூடிக்கொள்வார். ஜனங்கள், வாத்தியாருக்கு அருள் வருகிறது என்று கும்பிடுவார்கள். பிறகு கணீரென்று பாட்டு வரும். கடைசி அடியை மட்டும் திருப்பிப் பாடுவது காத்தவராயனின் உத்தியோகம்.

அந்தக் கடைசி அடியில்தான் ஒரு வழக்கம் இருக்கிறது. பாட்டு கட்டியவன் எவனாக இருந்தாலும் கடைசி அடியில் குருவின் பெயர் வர வேண்டும். குரு பெயர் இல்லாத பாட்டுக்கு மேடையில் மதிப்பில்லை. ஆகவே காத்தவராயன் கட்டும் ஒவ்வொரு பாட்டும் 'ராஜப்ப குருவே' என்றுதான் முடியும். சொந்தப் பாட்டில் மற்றவர் பெயரை எழுதி, அதை மற்றவர் பாட, அதற்குப் பின்பாட்டும் பாடினார். நாலு வருடம்.

பெரிய போட்டிகளுக்கு முன்கூட்டியே தாளில் எழுதிக் கொடுப்பதும் உண்டு. தாளின் தலையில் காத்தவராயன் தன் பெயரையும், பாட்டு எதற்கு என்ற குறிப்பையும் எழுதுவார். வாங்கியதும் ராஜப்பா முதல் காரியமாக அந்தத் தலைப்பை மட்டும் அழகாகக் கிழித்துவிடுவார்.

"ஏன் வாத்தியாரே கிழிக்கிறீங்க?" என்று ஒருமுறை கேட்டிருக்கிறார்.

"தாளு நீட்டா கீது காத்தா. ஜோபில மடங்கமாட்டேங்குது."

இன்னொரு முறை துணிந்து கேட்டாராம்: "ஒரே ஒரு பாட்டு, நான் முன்னாடி ஒக்காந்து பாடட்டா?"

ராஜப்பா யோசித்தார். மறுப்பதற்குக்கூட அவர் கண்ணை மூடித்தான் யோசிப்பார். "பாடலாம். ஆனா உன் குரலு கேஜ் கதவு மாதிரி கிறீச்சினு கீது. நீ முன்னாடி வந்தா, ஷிப்ட் ஆரம்பிச்சிடுச்சினு ஜனங்க எழுந்து போயிடுவாங்க."

வீட்டில் அவர் அம்மா ஜெயம்மா இதைக் கேட்டுவிட்டு அரிசி களைவதை நிறுத்தவில்லை. "எழுதறது நீ. சால்வை அவனுக்கு. கேட்டா கேஜ் கதவாம். கேஜ் கதவு தெறக்கலன்னா எவன்டா மேல வருவான்?"

காத்தவராயனுக்கு வேண்டியதெல்லாம் இவ்வளவுதான்: தன் பாட்டைத் தன் வாயால், முன்னால் உட்கார்ந்து பாட வேண்டும். ஸ்டேஷனில் இதைச் சொல்லும்போது அவர் விரல் தட்டுவதை நிறுத்திவிட்டது.

போன பங்குனியில் பெரிய போட்டி. ஞாயிற்றுக்கிழமை பகல் இரண்டு மணிக்கு மேடை. எதிரே பாலகாட் சிரில். ஆமாம், சிரில் மாதா கோயிலுக்குப் போகிறவர்தான். மன்மதன் அவருக்கு எந்த வகையிலும் உறவில்லை. ஆனால் பாலகாட்டில் பிறந்துவிட்டதால் எரியாத கட்சி. நடுவர் யசோதா டீச்சர். பௌத்தக் குடும்பம், மன்மதன் எரிந்தாலும் எரியாவிட்டாலும் அவர் வீட்டில் யாருக்கும் கவலை இல்லை என்பதால் இரண்டு பக்கமும் அவரை ஒப்புக்கொண்டன. விழாக் கமிட்டித் தலைவர் சின்னப்பா. அவர்தான் கற்பூரத்துக்குப் பொறுப்பு. பாலகாட்டுக்கு மிளகு அளவில் ஒரு டப்பாவும், சொந்த ஊர்க்காரர்களுக்கு எலுமிச்சம்பழ அளவில் ஒரு டப்பாவும் வைத்திருந்தார். இரண்டும் வெள்ளையாகத்தானே இருக்கிறது, இதில் என்ன பாரபட்சம் என்பது அவர் கட்சி.

அன்றைக்கு என்று பார்த்துக் காத்தவராயனுக்கு ஷிப்ட் போட்டுவிட்டார்கள். முதல் நாளே இரண்டு தாள் எழுதி ராஜப்பாவிடம் கொடுத்தார். இந்த இடத்தைக் கவனமாகப் படியுங்கள். காத்தவராயன் வேலை செய்யும் விதம் என்னவென்றால், எதிராளி எப்படியெல்லாம் பாடுவான் என்பதை முதலில் தானே பாட்டாகக் கட்டிவிடுவார். பிறகு அதற்குப் பதில் கட்டுவார். ஆகவே முதல் தாளின் தலையில், 'பாலகாட்காரங்க இப்படிப் பாடுவாங்க. நீங்க பாட வேணாம். பதில் ரெண்டாவது தாள்ல' என்று எழுதி, கீழே தன் பெயரையும் போட்டிருந்தார். எதிராளி பாட்டு என்பதால் அதில் குரு பெயர்கூடக் கிடையாது.

ராஜப்பா இரண்டு தாளின் தலையையும் கிழித்தார். ஜோபியில் அழகாக மடங்கியது.

மேடையில் சின்னப்பா நேரத்தின் அருமையைப் பற்றி முக்கால் மணி நேரம் பேசினார். பிறகு லாவணிச் சிங்கம் சால்வையைச் சரிசெய்து, கண்ணை மூடி, அருளை வரவழைத்து, கையில் முதலில் அகப்பட்ட தாளை எடுத்துக் கணீரென்று பாடினார்:

எரிஞ்சான் எரிஞ்சான் என்பவரே, எங்கே சாம்பல் காட்டும்?
எரிஞ்ச கட்டை எழுந்து வந்தா எப்படி அம்பு பூட்டும்?
ஊருக்குள்ளே கல்யாணம் ஓயலையே இன்னும்,
யாரு விட்ட அம்பு அது, எரிஞ்சு போன பின்னும்?

அப்போதுதான் காத்தவராயன் ஷிப்ட் முடிந்து, கையில் காலி டிபன் டப்பாவோடு தெரு முனையில் வந்துகொண்டிருந்தார். மைக்கில் தன் வரிகள் கேட்டதும் முதலில் சந்தோஷமாக இருந்ததாம். இரண்டாவது அடியில் நடை மெதுவானது. நாலாவது அடியில் அப்படியே நின்றுவிட்டார். எரிந்த கட்சியின் தலைவர், எரிந்த கட்சியின் மேடையில், மன்மதன் எரியவில்லை என்று நிரூபித்துக்கொண்டிருந்தார். அதுவும் நன்றாக நிரூபித்தார். காத்தவராயன் எழுதியது அல்லவா.

பாடியவருக்கு மட்டும் எதுவும் தெரியவில்லை. சொந்தமாகக் கட்டாத பாட்டைக் காதில் வாங்குகிற பழக்கம் அவருக்குக் கிடையாது. பன்னிரண்டு அடியையும் முடித்து, கைதட்டலுக்காகக் கண்ணைத் திறந்தார். ஒரே ஒருவர்தான் தட்டினார். சிரில்.

"வாத்தியாரே, கும்பிடறேன்" என்று சிரில் எழுந்து நின்றார். "நான் பாட வந்தது அத்தினியும் நீங்களே பாடிட்டீங்க. இப்ப நான் இன்னா பண்றது? எரிஞ்சான்னு பாடவா? எங்க ஊருக்குள்ள உடமாட்டாங்க."

கூட்டம் இரண்டாகக் கத்தியது. முன்வரிசையில் ஒருவர், "யோவ் வாத்தியாரே, எவ்ளோ நாளா பாலகாட் ஆளு நீ?" என்று செருப்பைத் தேடினார். ராஜப்பாவின் முகத்தில் வேர்வை. தாளைத் திருப்பினார், மறுபடி திருப்பினார். அந்த நேரம் பார்த்துக் கூட்டத்தின் ஓரத்தில் காத்தவராயன் தெரிந்தார்.

"இவன்தான்" என்று விரலை நீட்டினார் ராஜப்பா. மைக் திறந்தே இருந்தது. "இந்தக் காத்தவராயன் எழுதிக் குடுத்தத பாடினேன். எனக்கு ஒண்ணியும் தெரியாது."

நாலு வருடம் கிழித்துக் கிழித்து மறைத்த பெயரை, லாவணிச் சிங்கம் தன் வாயாலேயே மூன்று லைனுக்கும் கேட்கும்படி சொல்லிவிட்டார்.

பெண்கள் பக்கத்திலிருந்து ஜெயம்மா எழுந்தார். "அப்ப போன வருசம் பாடுனியே, அத்த யாரு எழுதுனது வாத்தியாரே? அதுக்கு மின்ன வருசம்?"

ராஜப்பா கண்ணை மூடிக்கொண்டார். இந்த முறை அருள் வரவில்லை.

"காத்தா, மேல வாடா" என்று சிரில் கை நீட்டினார். "எழுதுன வாயால பாடு. உன் பாட்டுக்குப் பதில நீயே சொல்லு."

சின்னப்பா குறுக்கே வந்தார். "அதெல்லாம் ஆவாது. பார்ட்டின்னா மூணு பேரு வேணும். குரு வேணும். தனி ஆளு மேடை ஏற ரூல் இல்ல."

யசோதா டீச்சர் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். "கேள்வி பாடியாகிவிட்டது. கேள்விக்குப் பதில் வர வேண்டும் என்பதும் ரூல்தான். கற்பூரத்தை ஏற்றுங்கள்."

சின்னப்பா ஏற்றினார். இரண்டு டப்பாவில் மிளகு டப்பாவைத்தான் திறந்தார்.

டேப் அடிப்பவர்கள் இருவரும் ராஜப்பாவின் மைத்துனர்கள். டேப்பை மடியில் கவிழ்த்துக்கொண்டார்கள். காத்தவராயன் கையிலிருந்த டிபன் டப்பாவைப் பார்த்தார். அதையே திருப்பித் தட்டினார். கற்பூரமோ மிளகு. ராஜப்பா மாதிரி ஆலாபனை செய்து இழுக்க நேரமில்லை. ராகம் போடவும் நேரமில்லை. பேசுகிற பாஷையில், பேசுவதைவிட வேகமாக, மூச்சு விடாமல் கொட்டினார்:

எரிஞ்சானா எரியலையா எனக்கு இன்னா போச்சி?
எறங்கி வந்து பாரு அண்ணே, எங்க லெவலு மூச்சி.
கேஜிக்குள்ள நிக்கும்போது காலு ரெண்டும் ஜில்லு,
கீழ போயி நின்னா சட்டை புழிஞ்செடுக்கும் கல்லு.
நெத்திக்கண்ணு தொறக்க வேணாம், நெத்தி வெளக்கு போதும்,
நித்தம் நித்தம் வேகறமே, நெய்யில்லாத ஓமம்.
ரிப்பன் வெட்டிக் கொழா தொறந்து ரெண்டு வருசம் ஆச்சி,
ரிப்பன் மட்டும் வந்துச்சி மாமா, தண்ணி எங்க போச்சி?

லைனில் குழாய் திறந்து ரிப்பன் வெட்டியது யார் என்று நான் சொல்ல வேண்டியதில்லை. கூட்டம் சின்னப்பாவைப் பார்த்தது. சின்னப்பா கற்பூரத்தைப் பார்த்தார். சீக்கிரம் அணையச் சொல்லி அதற்கு ரூல் ஏதும் இல்லை.

இனி கடைசி இரண்டு அடி. குரு பெயர் வர வேண்டும். காத்தவராயன் என்னிடம் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்: "வாய்ல பழக்கத்துல ராஜப்பா பேருதான் வந்துகினு இருந்துச்சி. கற்பூரம் நீலமா ஆயிடுச்சி. முன்வரிசையில எங்க ஷிப்ட் ஆளுங்க, குளிக்காம அப்டியே வந்து நிக்கறாங்க. அவங்கள பாத்தேன். வேற ஒண்ணு வந்துடுச்சி."

கட்டிச் சொன்ன குரு யாருன்னு கேக்குறியா, கேளு:
ஷாப்டு வாசல் டோக்கன் நம்பர் ரெண்டாயிரத்து ஏழு.

கற்பூரம் அணைந்தது.

நம் ஊர்க்காரர்களுக்கு விளக்க வேண்டாம். மற்றவர்களுக்குச் சொல்கிறேன். ஷாப்டு என்கிற குழி வழியாகக் கீழே இறங்கும் ஒவ்வொரு ஆளுக்கும் நம்பர் அடித்த ஒரு பித்தளை டோக்கன். மேலே வந்ததும் திருப்பிக் கொடுக்க வேண்டும். ஷிப்ட் முடிந்தும் எந்த டோக்கன் வரவில்லையோ, அந்த ஆளைத் தேடிப் போவார்கள். வெளியே அவனுக்கு என்ன பெயர் இருந்தாலும் அந்த வாசலில் அவன் நம்பர்தான். ரெண்டாயிரத்து ஏழு காத்தவராயனின் நம்பர். எந்த வாத்தியாரும் எந்த நோட்டீஸிலும் போடாத பெயர் அது.

யாரும் கைதட்டவில்லை. பின்னால் ஒரு பெரியவர், தனக்குத்தானே பேசுகிற மாதிரி, "எண்ணூத்தி முப்பத்தாறு" என்றார். பக்கத்திலிருந்தவர் தன் நம்பரைச் சொன்னார். அப்புறம் இன்னொருவர். ஒரு விதவை அம்மாள் ஒரு நம்பரைச் சொன்னார். அது அவருடையது இல்லை. நானும் அங்கேதான் நின்றுகொண்டிருந்தேன். சொல்ல எனக்கு நம்பர் இல்லையே என்று அழுகையாக வந்தது.

மேடையில் சின்னப்பா மட்டும் டீச்சரிடம் குனிந்து, "இது எந்த குரு பரம்பரை டீச்சர்?" என்று கேட்டுக்கொண்டிருந்தார்.

டீச்சர் தீர்ப்புச் சொன்னார். எரிந்த கட்சி, மன்மதன் எரியவில்லை என்று நிரூபித்துவிட்டதால் தன்னைத் தானே தோற்கடித்தது. எரியாத கட்சி பாடவே இல்லை, அதனால் ஜெயித்ததாகச் சொல்ல முடியாது. கேள்வியும் பதிலும் ஒரே ஆளுடையது, அவர் எந்தக் கட்சியும் இல்லை. கேடயத்தைக் கொடுக்க ரூல் இல்லாததால் அது சின்னப்பா வீட்டு அலமாரிக்குத் திரும்பிப் போனது. மறுநாள் கமிட்டி கூடி, கட்சி இல்லாமலும் குரு இல்லாமலும் பாடிய குற்றத்துக்காகக் காத்தவராயனுக்கு ஒரு வருடம் மேடை கிடையாது என்று தீர்மானம் போட்டது. எதிராளி பாட்டைப் பாடிய ராஜப்பாவுக்கு, மன உளைச்சலுக்கு ஆறுதலாக ஒரு சால்வை.

இதோடு கதை முடிந்து அவர் பெரிய ஆள் ஆகிவிட்டார் என்று எழுத எனக்கும் ஆசைதான். ஆனால் அவரே சிரித்துக்கொண்டு சொன்னதை மறைப்பது நியாயமில்லை. அடுத்த மாதம் சிரில் பாலகாட் கிரவுண்டில் அவருக்கு ஒரு ஞாயிறு ஏற்பாடு செய்தார். முதல் தனிக் கச்சேரி. காத்தவராயன் ஒரு பட்டு ஜிப்பா இரவல் வாங்கினார். சால்வை ஒன்று. வாடகை ஹார்மோனியம். நோட்டீஸில் 'புதுமை லாவணிப் புயல்'. மேடையில் உட்கார்ந்து கண்ணை மூடிக்கொண்டு, பத்து நிமிடம் இழுத்து, 'அகிலாண்ட கோடி' என்று ஆரம்பித்தார். கண்ணைத் திறந்தபோது கூட்டம் பக்கத்தில் நடந்த ஃபுட்பால் மேட்சுக்குப் போயிருந்தது. ஹார்மோனியக்காரரும் போயிருந்தார்.

சிரில் மேடை விளிம்பில் வந்து உட்கார்ந்தார். "நான் காத்தாவ கூப்ட்டேன். நீ ராஜப்பாவ கூட்டியாந்துட்டே."

"மேடைன்னா இப்டித்தானண்ணே..."

"எவன் சொன்னான்? அன்னிக்கி நீ பாடுனப்ப நான் வெத்தல போட மறந்துட்டேன். இன்னிக்கி மூணு தபா போட்டுட்டேன்."

அடுத்த ஞாயிறு ஷிப்ட் சட்டையில், டிபன் டப்பாவோடு போனார். புயலும் இல்லை, சிங்கமும் இல்லை. நோட்டீஸ் அடிக்கக்கூட இல்லை. நின்றுகொண்டு, கண்ணைத் திறந்துகொண்டு, முன்னால் நிற்கிறவர்களைப் பார்த்தே பாடினார். பல் டாக்டர் இல்லாத ஆஸ்பத்திரிக்குப் பல்லைப் பிடித்துக்கொண்டு போனவன் பாட்டு. ஓவர்டைம் போட்டு ரேடியோ வாங்கி, கேட்க நேரமில்லாமல் போனவன் பாட்டு. சாம்பியன் ரீப்ஸ்காரனும் பாலகாட்காரனும் ஒரே கேஜில் ஒட்டி நின்று இறங்கிவிட்டு, மேலே வந்து மன்மதனுக்காக அடித்துக்கொள்ளும் பாட்டு. ஒவ்வொன்றும் ரெண்டாயிரத்து ஏழு என்றுதான் முடியும். இப்போது தெருவில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிடுவதில்லை. "இன்னா ரெண்டாயிரத்து ஏழு, ஷிப்ட்டா?" என்கிறார்கள். இன்று பங்காருப்பேட்டைக்குப் போனதுகூட ஒரு கல்யாண வீட்டில் பாடத்தான்.

இப்போது நான் சொல்ல வந்த விஷயம். தடை முடிந்தது. இந்த ஞாயிறு மறுபடி காமன் பண்டிகைப் போட்டி. போன வாரம் சின்னப்பாவும் ராஜப்பாவும் தேங்காய் பழத்தோடு காத்தவராயன் வீட்டுக்கு வந்தார்கள். தனி மேடை, தனி மைக், நோட்டீஸில் பெரிய எழுத்தில் பெயர். பெங்களூரிலிருந்து பேப்பர்காரர் ஒருவர் வருகிறாராம். எல்லாவற்றுக்கும் ஒரே ஒரு நிபந்தனை.

"கடசி அடியில நம்ம வாத்தியார் பேரு" என்றார் சின்னப்பா. "ஒரே அடி. மிச்சம் அத்தினியும் உன் இஷ்டம். கொழாய பத்திக்கூட பாடு, நான் ஒண்ணியும் சொல்லமாட்டேன்."

ராஜப்பா தரையைப் பார்த்துக்கொண்டு, "ஊர்ல என்ன வாத்தியார்னு கூப்பிடறத நிறுத்திட்டாங்க காத்தா" என்றார். அந்த ஒரு வாக்கியத்தில் பட்டம் எதுவும் இல்லை.

காத்தவராயனுக்கு மனசு இளகிவிட்டதாம். மைக் மேல் ஆசையும் இருந்தது. இல்லையென்று அவர் பொய் சொல்லவில்லை. உள்ளே திரும்பி அம்மாவைப் பார்த்தார்.

ஜெயம்மா தேங்காயைக் கையில் எடுத்து ஆட்டிப் பார்த்து, திரும்பத் தட்டிலேயே வைத்தார். "மூணு நாளு வலி எடுத்து பெத்தது நானு. ஆஸ்பத்திரி சீட்டுல பக்கத்து ஊட்டுக்காரி பேர எழுதலாம்னா, நீங்க எழுதிகினு போங்க. எம்புள்ள கையெழுத்து போடமாட்டான்."

காத்தவராயன் ராஜப்பாவின் கையைப் பிடித்துக்கொண்டு, "வாத்தியாரே, நீங்க குரலு, நான் பாட்டு. நீங்க வந்து பாடறதா இருந்தா என் மேடையில எடம் கீது. எழுதுனது யாருன்னு சொல்லிட்டுப் பாடுங்க" என்றாராம். ராஜப்பா கையை உருவிக்கொண்டு போய்விட்டார். மறுநாளே கமிட்டி, காத்தவராயன் ஊருக்கே அடங்காதவன் என்று இன்னொரு தீர்மானம் போட்டது. இதை மீட்டிங் கூட்டாமலே போட்டார்கள். நேரத்தின் அருமை.

ஆகவே இந்த ஞாயிறு மாலை நாலு மணிக்கு சாம்பியன் ரீப்ஸ் மேடையில் மைக், லைட், சால்வை, பேப்பர்காரர் எல்லாம் இருக்கும். அதே நாலு மணிக்கு பாலகாட் கிரவுண்டில் காத்தவராயன் நிற்பார். மைக் கிடையாது. "எத்தினி பேரு வருவாங்கன்னு தெரியல. யாரும் வரலன்னா சிரில் அண்ணன் வருவாரு, அம்மா வருவாங்க" என்று சொல்லிவிட்டு வண்டியில் ஏறினார். சொல்லும்போது சிரித்தார். ஆனால் ஜன்னல் கம்பியைத் தட்டிக்கொண்டிருந்த விரல் தாளம் தப்பியது.

எனவே தயவுசெய்து பாலகாட்டுக்கு வாருங்கள். எந்தக் கட்சி என்று யாரும் கேட்கமாட்டார்கள். மைக் இல்லாததால் கிட்டே வந்து நில்லுங்கள். இந்தத் தாளில் நாற்பது பிரதிதான் சைக்ளோஸ்டைல் மெஷினில் உருட்ட முடிந்தது. படித்ததும் மடித்து வைக்காமல் பக்கத்து வீட்டுக்குக் கொடுங்கள். அவர்கள் எரிந்த கட்சியாக இருந்தால் கண்டிப்பாகக் கொடுங்கள்.